தோப்புக்கரணம் போடவைக்காத பயிற்றுநர்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு பதிப்பின் வாசகர் பகுதியில், நம் தமிழ்ப்பள்ளிக் கால்பந்துக் குழுக்கள் மாவட்ட அளவைத் தாண்டி முன்னேறாததற்குப் பயிற்றுநர்களின் மெத்தனமே காரணம் என்று கிள்ளானிலிருந்து ஓர் அன்பர் எழுதியிருந்தார். அவர் இரண்டு பரிந்துரைகளை முன்வைத்திருந்தார். பயிற்சியைக் கடுமையாக்கி, தவறு செய்யும் மாணவனைத் திடலைச் சுற்றி ஓடவிட்டும் தோப்புக்கரணம் போடவைத்தும் திருத்த வேண்டும் என்பது ஒன்று. இரண்டு ஆண்டுகளுக்குள் கிண்ணம் எதையும் கொண்டுவராத பயிற்றுநரை மாற்றிவிட வேண்டும் என்பது மற்றொன்று. பிள்ளைகள் வெல்ல வேண்டும் என்ற அவருடைய ஆதங்கத்தை நான் மதிக்கிறேன். பரிந்துரைகள் இரண்டையும் ஏற்க என்னால் இயலவில்லை. செந்தூல் வட்டாரத்தில் நெடுங்காலம் உடற்கல்வி ஆசிரியராகப் பணியாற்றியவன் என்ற தகுதியில் மட்டும் இதைச் சொன்னால், அது ஓய்வுபெற்ற ஓர் ஆசிரியரின் சொந்த அபிப்பிராயமாகவே நின்றுவிடும். ஆகவே, இவ்விரண்டு பரிந்துரைகளுக்கும் நேர் எதிரான வழியில் 64 பருவங்கள் பயிற்சி அளித்து, தம் நாட்டுக் கல்லூரி ஆட்ட வரலாற்றிலேயே மிக அதிக வெற்றிகளைப் பெற்ற ஒருவரின் பணிவாழ்க்கையைத் தங்கள் வாசகர்கள் முன் வைக்க விரும்புகிறேன். அவர் பெயர் ஜான் கலார்டி. அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் உள்ள ஒரு சிறு கத்தோலிக்கக் கல்லூரியின் அமெரிக்கக் கால்பந்துப் பயிற்றுநர்.

அந்த ஆட்டம் நம்மவர்க்கு அவ்வளவாகப் பழக்கமில்லாதது என்பதால் ஓரிரு வரிகளில் அதைச் சொல்லிவிடுகிறேன். மெர்டேக்கா அரங்கிலும் புக்கிட் ஜாலிலிலும் நாம் பார்த்து வளர்ந்த கால்பந்து வேறு. அமெரிக்கக் கால்பந்தில், இரு முனையும் கூரான பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் தூர வீசியும் 100 கெஜத் திடலின் எதிர்முனைக்குக் கொண்டுசேர்க்க வேண்டும். பக்கத்திற்கு 11 பேர். 10 கெஜம் முன்னேற நான்கு முயற்சிகள் தரப்படும். அதற்குள் முன்னேறாவிட்டால் பந்து எதிரணிக்குப் போய்விடும். பந்தை வைத்திருப்பவன்மீது பாய்ந்து அவனைத் தரையில் வீழ்த்துவது ஆட்டவிதிகள் அனுமதிக்கும் செயல் என்பதால், தலைக்கவசமும் தோள்கவசமும் அணிந்தே இறங்குகிறார்கள். 1905ஆம் ஆண்டில் இந்த ஆட்டத்தால் நேர்ந்த உயிரிழப்புகளைக் கண்டு, அன்றைய அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட்டே கல்லூரிகளின் பிரதிநிதிகளை அழைத்துப் பேச வேண்டியதாயிற்று. அடுத்த ஆண்டே கல்லூரிகள் ஒன்றுகூடி ஓர் ஒழுங்குமுறை அமைப்பை ஏற்படுத்திக்கொண்டன. இவ்வளவு முரட்டுத்தனமான ஓர் ஆட்டத்தில்தான் கலார்டி தம் பிள்ளைகளை மென்மையாக நடத்தினார் என்பதை வாசகர்கள் மனத்தில் கொள்ள வேண்டும்.

அந்த அமைப்பு 1973இல் கல்லூரிகளை மூன்று பிரிவுகளாகப் பிரித்தது. நாம் தொலைக்காட்சியில் எப்போதாவது காண நேரும் மாபெரும் அரங்குகள், பயிற்றுநருக்கு ஆண்டுக்குப் பல மில்லியன் டாலர் ஊதியம், ஆட்டக்காரர்களுக்கு முழு உதவித்தொகை ஆகியவையெல்லாம் முதல் பிரிவுக்கு உரியவை. மூன்றாம் பிரிவுக் கல்லூரிகள் விளையாட்டுத் திறமைக்காக உதவித்தொகை வழங்கவே கூடாது. அங்கே ஆடும் மாணவன் தன் கட்டணத்தைத் தானே கட்டிப் படித்துக்கொண்டு, ஆசைக்காக ஆடுகிறான். கலார்டி தம் வாழ்நாளைக் கழித்தது இப்படிப்பட்ட கல்லூரிகளில்தான்.

1926ஆம் ஆண்டு நவம்பர் 1ஆம் நாள், கொலராடோ மாநிலத்தின் டிரினிடாட் என்ற நிலக்கரிச் சுரங்க ஊரில், இத்தாலியிலிருந்து பிழைக்க வந்த குடும்பத்தில் அவர் பிறந்தார். ரப்பர்த் தோட்டத்து லயங்களில் பிறந்து வளர்ந்த என் தலைமுறைக்கு அந்தப் பின்னணியைத் தனியே விளக்கத் தேவையில்லை. 1943இல் இரண்டாம் உலகப் போருக்காக அவருடைய பள்ளிப் பயிற்றுநர் படையில் சேர்க்கப்பட்டபோது, பயிற்சி தர ஆளில்லை என்று பள்ளி நிர்வாகம் குழுவையே கலைத்துவிட எண்ணியது. குழுத்தலைவனாக இருந்த 16 வயது கலார்டி, தானே பயிற்சி அளிப்பதாகச் சொல்லி நிர்வாகத்தை இணங்கவைத்தார். அதாவது, தம் வகுப்புத் தோழர்களுக்கே பயிற்றுநரானார்.

அவருடைய பிற்காலக் கொள்கைகள் அனைத்தும் அந்த வயதிலேயே உருவானவை. படைக்குப் போன பழைய பயிற்றுநர் அக்கால வழக்கப்படி நடந்துகொண்டவர். பயிற்சியின்போது தண்ணீர் குடிப்பது பலவீனம் என்று கருதினார். முழங்காலை மடக்கி வாத்துப் போல் திடலைச் சுற்றி நடக்கவைத்தார். சக ஆட்டக்காரர்களையே ஒருவர்மீது ஒருவர் மோதவிட்டார். பொறுப்பு தம் கைக்கு வந்ததும் கலார்டி இவற்றையெல்லாம் ஒரே வீச்சில் ஒதுக்கித் தள்ளினார். தாகம் எடுத்தால் தண்ணீர் குடிக்கலாம். வாத்து நடை கிடையாது. மோதல் கிடையாது. ஆட்டத்தில் என்ன செய்யப்போகிறோமோ அதை மட்டும் திரும்பத் திரும்பப் பயில்வோம், பிறகு வீட்டுக்குப் போவோம் என்றார். அடுத்த நாள் தானும் ஆட வேண்டியவன், முந்தைய நாள் பயிற்சியில் காலை முறித்துக்கொள்ள விரும்புவானா? மாணவனாக இருந்துகொண்டே பயிற்றுநரானதால் அவருக்குக் கிடைத்த அறிவு அது. வயது ஏறியபின் பெரும்பாலான பயிற்றுநர்கள் மறந்துவிடுவதை, 86 வயதுவரை அவர் மறக்கவில்லை.

பள்ளிக் குழுக்களுக்குப் பயிற்சி அளித்துக்கொண்டே கொலராடோ கல்லூரியில் படித்து முடித்த அவரை, 1949இல் மொன்டானா மாநிலத்து ஹெலினா நகரிலிருந்த கேரல் கல்லூரி வேலைக்கு எடுத்தது. அப்போது அவருக்கு 22 வயது. நான்கு பருவங்களில் 24 வெற்றி, 6 தோல்வி, 1 சமநிலை. 1953இல் மினசோட்டாவின் காலேஜ்வில்லில் பெனடிக்ட் சபைத் துறவிகள் நடத்திவந்த செயின்ட் ஜான்ஸ் பல்கலைக்கழகத்திற்கு மாறினார். பெயரில் பல்கலைக்கழகம் என்றாலும், அது இளநிலைப் பட்டப்படிப்பில் ஆண்களை மட்டும் சேர்த்துக்கொள்ளும் சிறு நிறுவனம். அதன் பிறகு அவர் எங்கும் போகவில்லை. 2012 நவம்பரில் ஓய்வுபெறும்வரை 60 பருவங்கள் அதே திடலில் நின்றார். இடையே சில ஆண்டுகள் பனி ஹாக்கிக் குழுவுக்கும் பயிற்சி கொடுத்தார். சிறு கல்லூரியில் பயிற்றுநர் என்றால் ஓராசிரியர் பள்ளியின் ஆசிரியரைப் போல எல்லாவற்றுக்கும் அவரே என்பதுதான் நடைமுறை.

கிள்ளான் அன்பர் குறிப்பாகக் கவனிக்க வேண்டிய இடத்திற்கு இப்போது வருகிறேன். கலார்டியின் பயிற்சிமுறை, அவர் எதையெல்லாம் செய்யமாட்டார் என்ற பட்டியலாகவே அமெரிக்காவில் பேசப்பட்டது. பயிற்சியில் யாரும் யாரையும் வீழ்த்தக்கூடாது. ஊதல் கிடையாது. பக்கம் பக்கமாக மனப்பாடம் செய்ய வேண்டிய உத்திப் புத்தகம் கிடையாது. கனமான இரும்புச் சட்டங்களைத் தோளால் முட்டித் தள்ளும் பயிற்சி கிடையாது. ஒரு நாள் பயிற்சி 90 நிமிடங்களைத் தாண்டாது. புதிதாகச் சேரும் மாணவர்களை மூத்தவர்கள் சீண்டுவதும் ஏவல் செய்யவைப்பதும் கூடாது. இறுதியாண்டு மாணவர்கள் அனைவரும் முறைவைத்துக் குழுத்தலைவர்களாக இருப்பார்கள். கடும் மழையிலோ குளிரிலோ வெயிலிலோ பயிற்சி இல்லை. கொசுத்தொல்லை அதிகமான மாலைகளில்கூடப் பயிற்சியை முடித்துக்கொள்வார். (அந்த விதி செந்தூலுக்கு வந்திருந்தால் நாங்கள் ஆண்டு முழுவதும் வீட்டில்தான் இருந்திருப்போம்.) பயிற்சிக்கு முந்தைய உடற்பயிற்சிகளைக் கேலி செய்வதுபோல அவர் ஒன்று வைத்திருந்தார். ஆட்டக்காரர்கள் புல்லில் மல்லாந்து படுத்து, பக்கத்தில் கிடப்பவனிடம் இன்று எவ்வளவு அழகான நாள் என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான் அந்தப் பயிற்சி.

மாணவர்கள் அவரை ஜான் என்றே அழைத்தார்கள். அவரும் அதையே விரும்பினார். நம் பண்பாட்டில் பிள்ளைகள் ஆசிரியரைப் பெயர் சொல்லி அழைப்பது நடவாது, நடக்க வேண்டும் என்றும் நான் கேட்கவில்லை. நம் மாணவன் சார் என்றே அழைக்கட்டும். அழைத்துவிட்டு, காலில் வலி இருக்கிறது என்று அச்சமின்றிச் சொல்ல முடிந்தால் போதும். தண்டனை தரும் பயிற்றுநரிடம் எந்தச் சிறுவனும் வலியைச் சொல்வதில்லை. மறைத்துக்கொண்டு ஆடுவான், பிறகு ஒரு நாள் வருவதை நிறுத்திவிடுவான். நம் திடல்களில் இதைப் பார்க்காத உடற்கல்வி ஆசிரியர் இருக்க முடியாது.

இவை அனைத்தையும்விட முக்கியமானதாக நான் கருதும் விதி ஒன்று உண்டு. குழுவில் சேர வந்த எவரையும் அவர் திருப்பி அனுப்பியதில்லை. தேர்வு முகாம், பட்டியல், பெயர் நீக்கம் எதுவும் இல்லை. இதனால் செயின்ட் ஜான்ஸ் குழுவில் சில ஆண்டுகளில் 150 பேருக்கு மேல் இருந்தார்கள். திடலில் ஒரே நேரத்தில் 11 பேருக்குத்தான் இடம். மற்றவர்கள் ஏன் வந்தார்கள்? உதவித்தொகையும் இல்லை, தொலைக்காட்சியில் முகம் தெரியப்போவதும் இல்லை, பலருக்கு ஒரு பருவத்தில் சில நிமிடங்கள்கூட ஆட வாய்ப்பு கிடைக்காது. எனினும் வந்தார்கள், மாலையில் 90 நிமிடங்கள் அங்கே இருப்பது அவர்களுக்கு மகிழ்ச்சியாக இருந்தது என்பதைத் தவிர இதற்கு வேறு விளக்கம் எனக்குத் தெரியவில்லை.

நம்மிடம் நடப்பது என்ன? பெரும்பாலான பள்ளிகளில் மாவட்டப் போட்டிக்குச் சில வாரங்கள் முன்பு, ஒரே மாலையில், ஐந்தாம் ஆறாம் ஆண்டு மாணவர்களைத் திடலில் இறக்கி ஒரு தேர்வு நடத்துகிறோம். உயரமாகவும் வேகமாகவும் இருப்பவர்களை எடுத்துக்கொண்டு மற்றவர்களை வகுப்புக்கு அனுப்பிவிடுகிறோம். 11 வயதில் குட்டையாக இருப்பவன் 15 வயதில் எப்படி இருப்பான் என்று எவராலும் சொல்ல முடியாது. ஆனால், அவன் 11 வயதில் திருப்பி அனுப்பப்பட்டால் 15 வயதில் பந்தைத் தொடமாட்டான் என்பதைப் பெரும்பாலும் சொல்லிவிடலாம். மாணவர் எண்ணிக்கை ஏற்கெனவே குறைந்துவரும் பள்ளிகளில், வர விரும்பும் பிள்ளையை வேண்டாம் என்று சொல்லும் ஆடம்பரம் நமக்குக் கட்டுப்படியாகாது.

இனி முடிவுகள். 64 பருவங்களில் 489 வெற்றி, 138 தோல்வி, 11 சமநிலை. கல்லூரிக் கால்பந்துப் பயிற்றுநர் எவரும் எந்தப் பிரிவிலும் இவ்வளவு வெற்றிகளைப் பெற்றதில்லை. தேசியப் பட்டங்கள் நான்கு: 1963, 1965, 1976, 2003. கடைசிப் பட்டத்தை வென்றபோது அவருக்கு 77 வயது. 55 ஆட்டங்கள் தொடர்ந்து வென்றிருந்த மவுண்ட் யூனியன் கல்லூரியை இறுதியாட்டத்தில் 24-6 என்று வீழ்த்தினார். அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தின் புகழ்மன்றம், பணியில் இருக்கும்போதே அவரைச் சேர்த்துக்கொண்டது. மூன்றாம் பிரிவின் சிறந்த ஆட்டக்காரருக்கு 1993 முதல் வழங்கப்படும் விருது அவர் பெயரையே தாங்கியிருக்கிறது.

பட்டங்களின் ஆண்டுகளை மீண்டும் ஒருமுறை பாருங்கள். 1976க்கும் 2003க்கும் இடையே 27 ஆண்டுகள். இந்த 27 ஆண்டுகளில் ஒரு தேசியப் பட்டம்கூட இல்லை. மண்டல அளவில் அவர் அடிக்கடி வென்றார் என்பதை நான் மறைக்கவில்லை. மொத்தம் 30 மண்டலப் பட்டங்கள் அவர் கணக்கில் உள்ளன. ஆனால், அந்தக் கால் நூற்றாண்டில் ஏதேனும் ஓர் ஆண்டில் துறவிகள் பொறுமையிழந்து, தேசியக் கிண்ணம் வரவில்லை, புதிய ஆளைக் கொண்டுவருவோம் என்று முடிவெடுத்திருக்கலாம். முதல் பிரிவில் ஆண்டுதோறும் அப்படித்தான் முடிவெடுக்கிறார்கள். ஒப்பந்தத்தை இடையில் முறித்து, இழப்பீடாக மில்லியன் கணக்கில் கொடுத்து அனுப்புகிறார்கள். செயின்ட் ஜான்ஸ் நிர்வாகம் அதைச் செய்யவில்லை. இரண்டு ஆண்டுக் கெடு என்ற கிள்ளான் அன்பரின் அளவுகோலைத் தேசிய அளவில் வைத்துப் பார்த்தால், 1953இல் வந்தவர் 1955இலேயே வெளியேற்றப்பட்டிருப்பார். முதல் தேசியப் பட்டம் அவருடைய 11ஆவது பருவத்தில்தான் வந்தது.

இந்த இடத்தில் ஒரு மறுப்பு எழும் என்பதை நான் அறிவேன். கடுமையான பயிற்றுநர்களும் வென்றிருக்கிறார்களே என்று கேட்கலாம். வென்றிருக்கிறார்கள். அவர்களில் மிகப் புகழ்பெற்றவரான பால் “பேர்” பிரையன்ட், 1954இல் டெக்சஸ் ஏ அண்ட் எம் கல்லூரிக் குழுவை ஜங்ஷன் என்ற வறண்ட ஊருக்குக் கொண்டுபோய், கொளுத்தும் வெயிலில் தண்ணீர் மறுத்து 10 நாள் பயிற்சி கொடுத்தார். ஏராளமானோர் இரவோடிரவாக மூட்டைகட்டிக்கொண்டு ஓடிப்போனார்கள். ஒரு மாணவர் வெப்பத் தாக்குதலால் சாவின் விளிம்புக்குப் போய் மீண்டார். அந்தப் பருவத்தில் அக்குழு பெற்றது 1 வெற்றி, 9 தோல்வி. இரண்டு ஆண்டுகள் கழித்து அதே பயிற்றுநரின் குழு தோல்வியே காணாமல் மண்டலப் பட்டம் வென்றது என்பதும் உண்மை. அவர் தம் பணிக்காலத்தில் 323 வெற்றிகளைப் பெற்றார் என்பதும் உண்மை. ஆகவே, கலார்டி வென்றார் என்பதால் மட்டும் அவர் வழி சரியென்று நான் வாதிட முடியாது. அப்படி வாதிட்டால் பிரையன்டின் வழியும் சரிதான் என்று ஒப்புக்கொள்ள வேண்டிவரும்.

இரு வழிகளிலும் வெல்ல முடிகிறது என்றால், தேர்ந்தெடுப்பதற்கு வேறு கணக்கு வேண்டும். வழியில் யார் யார் தொலைந்துபோகிறார்கள், யாருக்கு என்ன நேர்கிறது என்பதே அந்தக் கணக்கு. ஜங்ஷனில் ஓடிப்போனவர்களின் பெயர்களை வெற்றிப் பட்டியலில் யாரும் எழுதுவதில்லை. 2018இல் மேரிலாந்து பல்கலைக்கழகத்தில் பயிற்சியின்போது வெப்பத் தாக்குதலுக்கு ஆளான 19 வயது ஆட்டக்காரர் ஒருவர் இரண்டு வாரங்களில் உயிரிழந்தார். அந்த ஆண்டிலேயே தலைமைப் பயிற்றுநர் பதவியிழந்தார். கலார்டி தம் 91ஆவது வயதில் காலமானதும் அதே 2018இல்தான். 1943இல் ஒரு பள்ளிச் சிறுவன் புரிந்துகொண்டதை, 75 ஆண்டுகளுக்குப் பின்னும் பெரிய பல்கலைக்கழகங்கள் முழுமையாகக் கற்றுக்கொள்ளவில்லை. கோலாலம்பூரில் பிற்பகல் வெயில் எப்படியிருக்கும் என்பதை நான் சொல்லத் தேவையில்லை. 2023 வெப்ப அலையின்போது நம் கல்வி அமைச்சே பள்ளிகளின் வெளிப்புற நடவடிக்கைகளை நிறுத்திவைத்தது. அந்த வெயிலில் தண்டனையாகத் திடலைச் சுற்றி ஓடவிடலாம் என்று ஒருவர் எழுதுவதும், அதற்கு மறுப்பில்லாமல் போவதும் சரியல்ல என்பதே நான் இக்கடிதம் எழுதக் காரணம்.

பயிற்சியில் மோதலைத் தவிர்ப்பது ஒரு முதியவரின் விநோதம் என்றே நெடுங்காலம் கருதப்பட்டது. தலையில் திரும்பத் திரும்ப ஏற்படும் அதிர்ச்சிகள் மூளையைப் பாதிப்பது மருத்துவ ஆய்வுகளால் தெரியவந்த பிறகு நிலைமை மாறியது. டார்ட்மவுத் கல்லூரி 2010இல் பயிற்சியில் ஆட்டக்காரர்கள் ஒருவரையொருவர் வீழ்த்துவதை நிறுத்தியது. 2016இல் அக்கல்லூரி அங்கம் வகிக்கும் ஐவி கூட்டமைப்பின் பயிற்றுநர்கள் அனைவரும், ஆட்டப் பருவத்தில் முழு மோதல் பயிற்சியைக் கைவிட இசைந்தார்கள்.

கலார்டியை மட்டும் பேசிவிட்டு, அவர் முறியடித்த சாதனைக்கு உரியவரைப் பேசாமல் விடுவது முறையாகாது. 2003 நவம்பர் 8ஆம் நாள் பெத்தேல் குழுவை வென்று கலார்டி தம் 409ஆவது வெற்றியைப் பெற்றபோது, அதுவரை 408 வெற்றிகளுடன் முதலிடத்தில் இருந்தவர் எடி ராபின்சன். லூசியானா மாநிலத்தில் கறுப்பின மாணவர்களுக்கென நிறுவப்பட்ட கிராம்ப்ளிங் கல்லூரியில் 1941 முதல் 1997வரை பயிற்றுநராக இருந்தவர். தென்மாநிலப் பல்கலைக்கழகங்கள் கறுப்பின மாணவர்களைச் சேர்க்க மறுத்த காலத்தில், 22 வயதில் அவர் அங்கே பொறுப்பேற்றார். திடலின் புல்லை வெட்டுவதும் அவரே, காயங்களுக்குக் கட்டுப்போடுவதும் அவரே. ஆட்டம் முடிந்ததும் செய்தியைத் தாமே எழுதி நாளிதழ்களுக்கு அனுப்புவார். 200க்கும் மேற்பட்ட மாணவர்களை அவர் தொழில்முறை ஆட்டத்திற்கு அனுப்பினார். அவர்களில் ஒருவரான டக் வில்லியம்ஸ், 1988 ஜனவரியில் வாஷிங்டன் குழுவின் குவாட்டர்பேக்காக, அதாவது பந்தை வீசி ஆட்டத்தை வழிநடத்துபவராக இறங்கி, அந்த நிலையில் சூப்பர் பௌல் என்ற தொழில்முறை ஆட்டத்தின் உச்சப் பட்டத்தை வென்ற முதல் கறுப்பினத்தவரானார். அந்த இடத்திற்கு வேண்டிய சிந்தனைத் திறன் கறுப்பினத்தவருக்குக் கிடையாது என்று வெளிப்படையாகப் பேசப்பட்ட நாடு அது. பத்து ஆண்டுகள் கழித்து, ராபின்சன் விட்டுச்சென்ற பயிற்றுநர் பொறுப்பை ஏற்று அதே வில்லியம்ஸ் கிராம்ப்ளிங்குக்குத் திரும்பினார்.

ராபின்சனின் கடைசி இரு பருவங்களில் தோல்விகளே மிகுந்தன. கலார்டியின் கடைசிப் பருவத்தில் வெற்றி 5, தோல்வி 5. ஒருவர் எவ்வளவு காலம் பொறுப்பில் இருக்கலாம் என்பது நியாயமான கேள்விதான். 60 வயதில் அரசுப் பணியிலிருந்து ஓய்வுபெறும் நம் நாட்டில், 86 வயதுவரை ஒருவரை வைத்திருக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. கலார்டியின் மாணவர்கள் 18 வயது கடந்தவர்கள், தாங்களாகவே விரும்பி வந்தவர்கள் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். பத்து வயதுப் பிள்ளைகளிடம் ஊதலே இல்லாமல் பயிற்சி நடத்துவது எளிதன்று. ஊதல் இருக்கட்டும். தண்டனை வேண்டாம் என்பதே என் வேண்டுகோள்.

மேலும், நம் பள்ளிகளில் கலார்டிகளும் ராபின்சன்களும் உருவாகாமல் போவதற்குப் பயிற்றுநர்களைக் குறைசொல்வதில் பொருளில்லை. தமிழ்ப்பள்ளியில் கால்பந்துப் பயிற்றுநர் என்பவர் பெரும்பாலும் கணிதமோ அறிவியலோ கற்பிக்கும் ஆசிரியர்தான். பாடநேரம் முடிந்தபின், தம் சொந்தக் காரில் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு பக்கத்துத் திடலுக்குப் போகிறவர். ஏனெனில் பல பள்ளிகளுக்குச் சொந்தத் திடல் கிடையாது. பந்து வாங்கவும் சட்டை தைக்கவும் பெற்றோர் ஆசிரியர் சங்கத்திடம் கேட்க வேண்டும். மூன்றாண்டுகளில் பிள்ளைகள் அவருக்குப் பழகி, அவருக்கும் யார் எப்படி ஓடுவான் என்று தெரியவரும்போது இடமாற்றக் கடிதம் வந்துவிடும். புதிதாக வருபவர் முதலிலிருந்து தொடங்குவார். இப்படியிருக்க, இரண்டு ஆண்டுக் கெடு என்பது ஏற்கெனவே நடந்துகொண்டிருக்கும் கேட்டை விதியாகவே ஆக்கிவிடும். முதலாம் ஆண்டில் சேரும் பிள்ளை ஆறாம் ஆண்டு முடிக்கும்வரை, அதாவது ஆறு ஆண்டுகளாவது, ஒரே பயிற்றுநரின் கண்பார்வையில் இருக்க வேண்டும். அந்த ஆசிரியர் மாற்றலாகிப் போனாலும், வட்டாரத்திலிருக்கும் முன்னாள் மாணவர்களில் ஒருவர் உடனிருந்து பழகியிருந்தால் தொடர்ச்சி அறுந்துபோகாது. தலைமையாசிரியரும் பெற்றோர் ஆசிரியர் சங்கமும் மனம்வைத்தால், அமைச்சின் அனுமதிக்காகக் காத்திராமல் இதைச் செய்யலாம்.

நம் சமூகத்திலிருந்து பயிற்றுநர்களே வரவில்லை என்றும் எவரும் சொல்ல முடியாது. 2009இல் லாவோஸில் நடந்த சீ எனப்படும் தென்கிழக்காசிய விளையாட்டுப் போட்டியில் தங்கப் பதக்கத்தையும், 2010இல் நாடு அதுவரை வென்றிராத தென்கிழக்காசியக் கிண்ணத்தையும் மலேசியக் குழுவுக்குப் பெற்றுத்தந்தவர் கே. ராஜகோபால். அந்த டிசம்பரில் ஜகார்த்தாவிலிருந்து கிண்ணத்தோடு திரும்பிய குழுவைப் பற்றி உங்கள் நாளிதழும் பக்கம் பக்கமாக எழுதியிருக்கும். தேசியப் பயிற்றுநரின் பெயர் வெளியே தெரிந்துவிடுகிறது. மாவட்ட அளவில் முதல் சுற்றிலேயே தோற்றுத் திரும்பும் 12 வயதுப் பிள்ளைகளுக்குப் பொட்டலச் சோறும் சிராப் தண்ணீரும் வாங்கிக்கொடுத்து, அடுத்த வாரமும் அவர்களைத் திடலுக்கு வரவைக்கிறவரின் பெயர் எங்கும் வருவதில்லை.

அதனால் ஆசிரியர் அவர்களிடம் ஒரு வேண்டுகோள். தங்கள் விளையாட்டுப் பக்கத்தில் தமிழ்ப்பள்ளிப் போட்டிகளின் முடிவுகளை வெளியிடும்போது, வென்ற பள்ளியின் பெயரோடும் கிண்ணத்தைக் கையளித்த பிரமுகரின் படத்தோடும் நிறுத்திவிடாமல், பங்கேற்ற பள்ளிகள் அனைத்தின் பயிற்றுநர் பெயரையும், அவர் அப்பள்ளியில் எத்தனை ஆண்டுகளாகப் பயிற்சி அளிக்கிறார் என்பதையும், வாரந்தோறும் எத்தனை மாணவர்கள் பயிற்சிக்கு வருகிறார்கள் என்பதையும் சேர்த்து வெளியிட வேண்டும். படத்திற்கான இடத்தைக் கொஞ்சம் குறைத்தால் இந்த மூன்று விவரங்களும் தாராளமாக அடங்கும். போட்டி ஏற்பாட்டாளர்கள் பதிவுப் படிவத்திலேயே இவற்றைக் கேட்டு வாங்கிவிட்டால் தங்கள் நிருபர்களுக்கும் கூடுதல் வேலை இராது. கிள்ளான் அன்பருக்கும் இதில் ஆட்சேபம் இருக்காது என்று நம்புகிறேன். எந்தப் பயிற்றுநர் மெத்தனமாக இருக்கிறார், யார் உழைக்கிறார் என்பது அப்போது அவருக்கே தெரிந்துவிடும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற உடற்கல்வி ஆசிரியர்,
செந்தூல், கோலாலம்பூர்